நகையும் நகைப்பும்

நுழையும்முன்

செல்வம் ஒரே இரவில் ஒருவரின் கைக்கு வந்துவிடலாம். அதைக் கையாளும் பழக்கம் ஒரே இரவில் வந்துவிடுவதில்லை. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தொலைவில் நகைச்சுவை பிறக்கிறது. சங்ககாலக் கூத்தர் முதல் உரையாடலற்ற திரைப்படத்தின் நாயகன் வரை, எதிர்பாராத செல்வத்தைச் சந்தித்த எளிய மனிதர்களைக் கலைகள் எவ்வாறு காட்டின? அவற்றைக் கண்டு நாம் ஏன் சிரிக்கிறோம்? சிரித்து முடித்தபின் எதை எண்ணுகிறோம்? இவ்வினாக்களுக்கு விடை தேடுகிறது இப்பாடம்.

ஓரியின் மலையில் ஒரு காட்சி

நாமக்கல் மாவட்டத்தில் 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து ஏறினால் கொல்லிமலையை அடையலாம். படகு இல்லத்தால் பயணிகள் அறிந்த வாசலூர்பட்டி, வல்வில் ஓரியின் சிலை நிற்கும் செம்மேடு முதலிய சிற்றூர்கள் இம்மலைமேல் உள்ளன. மிளகும் காபியும் பலாவும் விளையும் இந்நிலத்தைச் சங்ககாலத்தில் ஆண்டவன் ஓரி. கடையெழு வள்ளல்களுள் ஒருவனாகப் போற்றப்படும் அவனுடைய பெயரால் ஆண்டுதோறும் ஆடித் திங்களில் இங்கு விழா எடுக்கப்படுகிறது.

ஓரியின் கொடையைப் பாடியவர்களுள் வன்பரணர் குறிப்பிடத்தக்கவர். புறநானூற்றின் 153ஆம் பாடலில் அவர் காட்டும் காட்சி புதுமையானது. கூத்தர் சுற்றம் ஒன்று ஓரியின் வள்ளன்மையைக் காணச் செல்கிறது. நீரில் பூக்காத குவளை அவர்களுக்குக் கிடைக்கிறது. அது மணிகளால் செய்யப்பட்டு, வெள்ளி நாரால் தொடுக்கப்பட்ட மாலை. அதனுடன் அணிகலன்களும் யானைகளும் கிடைக்கின்றன. நேற்றுவரை பசியோடு ஊர் ஊராகச் சென்று ஆடிப் பிழைத்த சுற்றம் இன்று யானைகளுக்கு உரிமையுடையதாகிவிட்டது.

அதன்பின் நிகழ்வதுதான் வியப்பு. இசைக்கருவிகள் முழங்குகின்றன, ஆனால், கூத்தர் ஆடவில்லை. பாடலையும் மறந்துவிட்டனர். பசி நீங்கியதுதான் இதற்குக் காரணமோ என்று வினவுகிறார் புலவர். ஓரியின் கொடை எத்துணைப் பெரிது என்பதைச் சொல்ல, கொடுத்த பொருளின் அளவை மட்டும் அவர் கூறவில்லை. அது பெற்றவரின் உடலிலும் தொழிலிலும் உண்டாக்கிய மாற்றத்தையும் கூறுகிறார். ஆடிப் பழகிய கால்கள் ஓய்ந்து நிற்பதும், பாடிப் பழகிய வாய் மௌனமாவதுமே கொடையின் பெருமைக்குச் சான்றாகின்றன.

இக்காட்சியை இன்னொரு கோணத்திலும் பார்க்கலாம். கருவிகள் ஒலித்துக்கொண்டிருக்க, ஆடவேண்டியவர் அசையாமல் நிற்பது சிரிப்பை வரவழைக்கும் காட்சி. அச்சிரிப்பினூடே ஒரு வினாவும் எழுகிறது. அவர்கள் இதுவரை ஆடியது கலையின்மீது கொண்ட விருப்பத்தாலா, பசியாலா? செல்வம் ஒருவருக்குப் பலவற்றைத் தருகிறது. அத்துடன் அவரிடமிருந்து ஏதேனும் ஒன்றை எடுத்தும் கொள்கிறதா? வன்பரணர் இதற்கு விடை கூறாமல் வினாவை நம்மிடம் விட்டுவிடுகிறார்.

இடம் மாறிய அணிகள்

திடீர்ச் செல்வத்தின் நகைச்சுவையை இன்னும் வெளிப்படையாகக் காட்டும் பாடலும் புறநானூற்றில் உண்டு. செருப்பாழி எறிந்த இளஞ்சேட்சென்னி என்னும் சோழ மன்னனை ஊன்பொதி பசுங்குடையார் பாடிய 378ஆம் பாடல் அது. மன்னன் பரிசிலாக அளித்த அணிகலன்கள், பெற்றவரின் சுற்றத்தார் முன்பின் கண்டிராதவை. எந்த அணியை எங்கே அணிவது என்பதும் அவர்களுக்குத் தெரியவில்லை. விரலில் அணிய வேண்டியவற்றைச் செவியில் மாட்டிக்கொள்கின்றனர். செவிக்கு உரியவற்றை விரலில் செறித்துக்கொள்கின்றனர். இடையில் அணிவன கழுத்துக்கும் கழுத்தில் அணிவன இடைக்கும் போகின்றன.

இராவணன் சீதையைக் கவர்ந்து சென்றபோது நிலத்தில் விழுந்த அணிகளைக் கண்டெடுத்த குரங்குக் கூட்டம் அவற்றை அணிந்து விளங்கியது போல இக்காட்சி இருந்தது என்று உவமை கூறுகிறார் புலவர். இதைக் கண்டு தாம் அடங்காத சிரிப்பைப் பெற்றதாகவும் பாடல் சொல்கிறது. தமிழில் ‘நகை’ என்னும் ஒரே சொல் அணிகலனையும் சிரிப்பையும் குறிப்பதை இங்கு எண்ணிப் பார்க்கலாம். மன்னன் கொடுத்தது ஒரு நகை. அச்சுற்றத்துக்குக் கிடைத்ததோ இரண்டு நகை.

பொருநராற்றுப்படையிலும் இத்தகைய இடங்கள் உண்டு. கரிகால் வளவனிடம் பரிசில் பெற்ற பொருநன், தனக்குக் கிடைத்த வாழ்வு கனவோ என மருள்கிறான். இரவும் பகலும் ஊன் உணவைத் தின்றதனால் தன் பற்கள், கொல்லையை உழுத கலப்பையின் கொழுவைப் போல மழுங்கிவிட்டன என்கிறான். வறியவரின் வாழ்வில் தேய்வது உழைக்கும் கருவி. பொருநனுக்கோ உண்டு உண்டே பல் தேய்ந்துவிட்டது. உழைப்பின் உலகிலிருந்து எடுத்த உவமையை உணவின் மிகுதிக்குப் பொருத்தியதில் நகைச்சுவை அமைந்திருக்கிறது.

இம்மூன்று இடங்களிலும் பொதுவான ஒன்றைக் காணலாம். செல்வம் வந்தது என்பதை வாய்ச்சொல்லைவிட உடலே தெளிவாக அறிவிக்கிறது. ஆடாத கால், செவியில் தொங்கும் மோதிரம், மழுங்கிய பல் ஆகியவை பேசாமலேயே பேசுகின்றன.

மெய்ப்பாடும் மௌனமும்

உள்ளத்தில் தோன்றும் உணர்வு உடலின் வழியாகப் புலப்படுவதை மெய்ப்பாடு என்கிறது தொல்காப்பியம். எட்டு மெய்ப்பாடுகளுள் முதலாவதாக வைக்கப்பட்டிருப்பது நகை. அது எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கின் அடியாகப் பிறக்கும் என்று மெய்ப்பாட்டியல் வகுக்கிறது.

எள்ளல் என்பது இகழ்ச்சி. ஒருவர் பிறரை எள்ளுவதனாலும் சிரிப்பு வரும். தாம் எள்ளப்படுவதனாலும் சிரிப்பு வரும் என உரையாசிரியர் விளக்குவர். பேதைமை என்பது அறியாமை. மடன் என்பதற்கு, கற்பிக்கப்பட்டதை ஏற்றுக்கொண்டு, ஏற்றதை எளிதில் விடாத இயல்பு எனப் பொருள் கூறுவதுண்டு. திடீர்ச் செல்வத்தைப் பற்றிய நகைச்சுவைக்குப் பின்னிரண்டும் மிகவும் பொருந்துகின்றன. புதிய பொருளை எப்படிப் பயன்படுத்துவது என்று அறியாதது பேதைமை. பழைய வாழ்வில் பற்றிக்கொண்ட பழக்கத்தைப் புதிய வாழ்விலும் விடமுடியாதது மடன். விரலணியைச் செவியில் அணிந்தது பேதைமையால் விளைந்த நகை. மடனால் விளையும் நகையைக் காண, உடலசைவையே மொழியாகக் கொண்ட மற்றொரு கலைக்குச் செல்லவேண்டும். அக்கலைதான் பேசாத திரைப்படம்.

சாப்ளின் குனிந்து எடுத்த துண்டு

திரைப்படம் தோன்றிய காலத்தில் அதற்குக் குரல் இல்லை. நடிகரின் முகம், நடை, கையசைவு, அவர் கையாளும் பொருள் ஆகியவற்றால் மட்டுமே கதையைச் சொல்லவேண்டியிருந்தது. இடையிடையே எழுத்து அட்டைகள் காட்டப்பட்டன. இந்த எல்லையையே வலிமையாக மாற்றிக்கொண்ட கலைஞர் சார்லி சாப்ளின்.

1889ஆம் ஆண்டு பிறந்த சாப்ளின், இலண்டனில் வறுமையில் வளர்ந்தவர். ஏழு வயதில் ஏழையர் விடுதியில் வாழ நேர்ந்தது. 1916ஆம் ஆண்டு, தம் 26ஆம் வயதில், ஓராண்டுக்கு 6,70,000 டாலர் பெறும் ஒப்பந்தத்தில் அமெரிக்காவில் கையெழுத்திட்டார். வறுமையிலிருந்து செல்வத்துக்குத் தாவிய வாழ்வை அவர் தம் அனுபவத்திலேயே அறிந்திருந்தார். இறுகிய மேற்சட்டை, தொளதொளத்த காற்சட்டை, பெரிய காலணி, கைத்தடி ஆகியவற்றோடு அவர் படைத்த நாடோடிப் பாத்திரம் எளியவரின் உருவமாக உலகெங்கும் அறியப்பட்டது.

1925ஆம் ஆண்டு வெளிவந்த ‘தி கோல்டு ரஷ்’ என்னும் படத்தில், பொன் தேடிப் பனிநிலத்துக்குச் செல்கிறான் நாடோடி. பசி தாங்காமல் தன் காலணியையே வேகவைத்து விருந்து போல உண்கிறான். இறுதியில் பெருஞ்செல்வனாகிக் கப்பலில் திரும்புகிறான். உடம்பில் ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு மென்மயிர் மேலங்கிகள்! குளிரில் வாடியவனுக்கு ஒரு மேலங்கி போதும் என்ற நிறைவு வரவில்லை. கப்பலின் தளத்தில் யாரோ எறிந்த சுருட்டுத் துண்டு கண்ணில் பட்டதும் அவன் கை தானாகவே அதை எடுக்கக் குனிகிறது. புதிய சுருட்டுகள் எத்தனை வேண்டுமானாலும் வாங்கத்தக்க பணம் அவனிடம் உண்டு என்பதை உள்ளம் அறியும். கைக்கு அது இன்னும் தெரியவில்லை.

இதே அசைவைச் சாப்ளின் 1931ஆம் ஆண்டின் ‘சிட்டி லைட்ஸ்’ படத்திலும் கையாண்டார். அதில், தற்கொலைக்கு முயலும் செல்வர் ஒருவரை நாடோடி காப்பாற்றுகிறான். குடிமயக்கத்தில் அவனை உயிர்நண்பனாகக் கொண்டாடும் அச்செல்வர், மயக்கம் தெளிந்ததும் அவனை யாரென்றே அறியாதவராகி விரட்டிவிடுகிறார். செல்வர் அளித்த விலையுயர்ந்த மகிழுந்தை ஓட்டிச்செல்லும் நாடோடி, தெருவில் ஒருவர் எறிந்த சுருட்டுத் துண்டைக் காண்கிறான். வண்டியை நிறுத்தி இறங்குகிறான்; அதை எடுக்க வந்த மற்றொரு வறியவனைத் தள்ளிவிட்டு, துண்டை எடுத்துக்கொண்டு வண்டியில் ஏறிப் போய்விடுகிறான். அந்த வறியவன் திகைத்து நிற்கிறான். மகிழுந்தில் வந்த ஒருவன் தன் பிழைப்பில் ஏன் பங்குக்கு வருகிறான் என்பது அவனுக்கு விளங்கவில்லை.

இங்குச் சிரிப்பு மடனில் பிறக்கிறது. ஆயினும் அதற்குள் ஒரு கூர்மை இருக்கிறது. செல்வத்தின் அடையாளத்தோடு வந்த ஒருவன், தன்னையறியாமலே, இல்லாதவனிடமிருந்து எடுத்துக்கொள்கிறான். இதை விளக்க ஓர் உரையாடலும் தேவைப்படவில்லை.

‘சிட்டி லைட்ஸ்’ வெளிவந்த 1931ஆம் ஆண்டிலேயே தமிழின் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ வெளிவந்தது. தமிழ்த்திரை பேசத் தொடங்கிய ஆண்டில், பேசும் வசதி கிடைத்த பின்னும் உரையாடலை விலக்கி, இசையும் ஓசையும் மட்டும் சேர்த்துப் படம் எடுத்தார் சாப்ளின். அவருக்கு மௌனம் தாமாக விரும்பி மேற்கொண்ட ஒரு கலைமுறையாக இருந்தது.

உரையாடலற்ற ‘பேசும் படம்’

பேசும் படங்கள் வந்து அரை நூற்றாண்டுக்கு மேலானபின், 1987ஆம் ஆண்டு, உரையாடலே இல்லாத முழுநீளத் திரைப்படம் ஒன்று தென்னிந்தியாவில் உருவாயிற்று. இயக்கியவர் சிங்கீதம் சீனிவாசராவ். இளமையில் ‘மாயாபஜார்’ இயக்குநர் கே. வி. ரெட்டியிடம் உதவி இயக்குநராகப் பயின்றவர் அவர். கமல்ஹாசனும் அமலாவும் முதன்மைப் பாத்திரங்களில் நடித்தனர். ஒளிப்பதிவைப் பி. சி. கௌரிசங்கரும் இசையை எல். வைத்தியநாதனும் ஏற்றனர். உரையாடல் இல்லாமையால் மொழிமாற்றம் தேவைப்படவில்லை. தலைப்பு மட்டுமே மொழிக்கு மொழி மாறியது. கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’, இந்தியில் ‘புஷ்பக்’ எனப் பெயர் பெற்ற அப்படத்துக்குத் தமிழில் இடப்பட்ட பெயர் ‘பேசும் படம்’. ஒரு சொல்லும் பேசாத படத்துக்கு அப்பெயர் இட்டதே ஒரு நகை. நல்ல பொழுதுபோக்கை வழங்கும் மக்கள் திரைப்படத்துக்கான தேசிய விருதும் அதற்குக் கிடைத்தது.

படத்தின் நாயகன் வேலையில்லாப் பட்டதாரி. நெரிசலான விடுதி ஒன்றின் சிறிய அறையில் வாழ்கிறான். வேலை தேடி வரிசைகளில் நிற்கிறான். ஓரிரவு, குடித்துவிட்டுத் தெருவில் நினைவிழந்து கிடக்கும் செல்வர் ஒருவரைக் காண்கிறான். அவரிடம் பெரிய உணவு விடுதியின் அறைச்சாவி இருக்கிறது. அவரைத் தன் அறைக்குக் கொண்டுவந்து கட்டிவைத்துவிட்டு, அவருடைய இடத்தில் தான் போய் வாழத் தொடங்குகிறான். அங்கே மாயவித்தைக் கலைஞர் ஒருவரின் மகளைச் சந்தித்து அவள்மீது அன்பு கொள்கிறான்.

விடுதியின் அகன்ற படுக்கையில் முதன்முறையாகப் படுக்கிறான் இளைஞன். குளிர்ந்த அறை, மெத்தை, முழு அமைதி. ஆனால், உறக்கம் வரவில்லை. அண்டையிலுள்ள திரையரங்கின் இரைச்சலுக்கிடையே உறங்கிப் பழகியவன் அவன். அமைதியே அவனை உறங்கவிடாத ஓசையாகிவிடுகிறது. பழைய இடத்தின் இரைச்சலை ஒலிப்பதிவுக் கருவியில் பதிந்துவந்து, அதை ஒலிக்கவிட்டபின் நிம்மதியாக உறங்குகிறான். சாப்ளினின் கை சுருட்டுத் துண்டை மறக்கவில்லை; இவனுடைய காது இரைச்சலை மறக்கவில்லை. ஓரியிடம் பரிசில் பெற்ற கூத்தரோ பாடலை மறந்தனர். பழக்கத்தை விடமுடியாமையும் பழக்கத்தை இழந்துவிடுதலும் திடீர்ச் செல்வத்தின் இருவேறு விளைவுகள்.

பேச்சு இல்லாத படத்தில் ஓசை எவ்வளவு முதன்மை பெறுகிறது என்பதையும் இக்காட்சி உணர்த்துகிறது. எல்லோரும் பேசிக்கொண்டிருக்கும் படத்தில் இரைச்சல் பின்னணியாக நின்றுவிடும். இங்கு அதுவே கதையை நடத்துகிறது.

சிரிப்பின் நடுவே ஒரு முடிச்சு

‘பேசும் படம்’ தரும் சிரிப்பு, புறநானூற்றுச் சுற்றத்தார் தந்த சிரிப்பைப் போன்றதன்று. காரணம், இளைஞன் நுகரும் ஒவ்வோர் இன்பத்தின் போதும் மற்றொருவர் ஓர் இருட்டறையில் கட்டுண்டு கிடக்கிறார். அவருக்கு உணவு கொடுக்கவேண்டும். அவருடைய கழிவையும் அப்புறப்படுத்தவேண்டும். அக்கழிவை அழகிய பெட்டியில் இட்டு, பரிசுப்பொருள் போல வண்ணத்தாள் சுற்றி வெளியே கொண்டுசெல்கிறான் இளைஞன். வெளியே பார்ப்பவருக்கு அது பரிசு. உள்ளே இருப்பது என்ன என்பதை அவனும் பார்வையாளரும் மட்டுமே அறிவர். அவன் வாழ்ந்துகொண்டிருக்கும் செல்வ வாழ்வும் அத்தகைய பொதிதான் என்பதை இயக்குநர் ஒரு சொல்லும் இல்லாமல் உணர்த்திவிடுகிறார்.

பிறருடைய செல்வத்தை எடுத்துக்கொண்டவனுக்கு அவருடைய ஆபத்தும் சேர்ந்தே வருகிறது. அச்செல்வரைக் கொல்ல ஏவப்பட்ட கொலையாளி, அவருடைய அறையில் இருப்பவனையே அவர் என எண்ணித் துரத்துகிறான். கொலையாளியின் கருவி பனிக்கட்டியால் ஆன கத்தி. குத்தியபின் உருகி, தடயமின்றி மறைந்துவிடும் என்பது அவன் கணக்கு. தக்க நேரத்துக்கு முன்பே உருகி அது சிரிப்புக்கு இடமாகிறது. உறுதியானது போலத் தோன்றிக் கையிலேயே கரைந்துபோகும் அக்கத்தி, இளைஞன் எடுத்துக்கொண்ட வாழ்வையும் நினைவூட்டுகிறது.

படத்தில் தெருவோரப் பிச்சைக்காரர் ஒருவரும் வருகிறார். கையில் பணம் இருப்பதைக் காட்டி இளைஞனோடு போட்டியிடும் அவர், ஒருநாள் இறந்துபோகிறார். அவர் சேர்த்துவைத்த பணத்துக்கு மக்கள் முண்டியடிக்கின்றனர். உயிரற்ற அவருடைய உடலைப் பொருட்படுத்துவார் இல்லை. கதை முழுவதும் சிரித்துவந்த பார்வையாளர் இங்குச் சிரிப்பை நிறுத்திவிடுகின்றனர்.

இறுதியில் இளைஞன் செல்வரை விடுவிக்கிறான். தான் யார் என்னும் உண்மையை அன்புகொண்ட பெண்ணுக்கு வெளிப்படுத்துகிறான். ஊரைவிட்டுச் செல்லும் அவள், ஒரு ரோசாப் பூவோடு தன் முகவரி எழுதிய தாளை அவனிடம் சேர்க்கிறாள். காற்றில் பறந்த அத்தாள் சாக்கடையில் விழுந்துவிடுகிறது. இளைஞன் மீண்டும் வேலை தேடுவோர் வரிசைக்கே திரும்புகிறான். முன்பு நின்ற அதே வரிசைதான். ஆனால், நிற்பவன் மாறியிருக்கிறான். பிறருடைய சாவியால் திறந்த கதவு தனக்குரியதன்று என்பதை அவன் இப்போது அறிவான்.

செல்வம் வந்த வழி

இதுவரை கண்ட காட்சிகளை ஒப்பிட்டால் ஓர் உண்மை புலப்படும். செல்வம் வந்த வழி எதுவோ, அதற்கேற்பவே நகைப்பின் தன்மையும் அமைகிறது.

ஓரியும் இளஞ்சேட்சென்னியும் மனமுவந்து கொடுத்தனர். கலையை மதித்துக் கொடுத்த கொடை அது. ஆகவே பெற்றவரின் தடுமாற்றத்தில் அச்சம் இல்லை. நகைப்பு முழுமையாக மலர்கிறது. ‘தி கோல்டு ரஷ்’ நாடோடி, துன்பத்துக்குப் பின் பொன்னைக் கண்டடைந்தான். அங்கு நகைப்போடு பட்ட பசியின் நினைவு கலந்திருக்கிறது. ‘சிட்டி லைட்ஸ்’ செல்வர் மயக்கத்தில் கொடுத்தார், தெளிவில் மறந்தார். அறிந்து கொடுக்காத கொடை நிலைப்பதில்லை. பெற்றவனே பின்னர்த் திருடனாகக் கருதப்பட்டுச் சிறைக்குச் செல்கிறான். அங்கு நகைப்பு கசக்கிறது. ‘பேசும் படம்’ இளைஞனோ எடுத்துக்கொண்டான். அங்கு நகைப்பின் நடுவே குற்றவுணர்வு முடிச்சாக நின்று, அவிழ்க்கப்படும்வரை உறுத்துகிறது.

பேச்சு இருந்திருந்தால் இளைஞன் தன் செயலுக்குப் பல நியாயங்களைச் சொல்லியிருக்கக்கூடும். வேலை கிடைக்காமையையும் உலகின் ஏற்றத்தாழ்வையும் காட்டி வாதிட்டிருக்கலாம். மௌனம் அந்த வாய்ப்பை அவனுக்குத் தரவில்லை. அவன் செய்வதை மட்டுமே நாம் காண்கிறோம். அதனால் தீர்ப்பளிக்கும் பொறுப்பு பார்வையாளரிடம் வந்துவிடுகிறது. பேசாத நகைச்சுவையின் ஆற்றல் இதில்தான் உள்ளது.

சிரிப்பவர் நிற்கும் இடம்

எளியவரின் தடுமாற்றத்தைக் கண்டு சிரிப்பது சரியா என்னும் வினா இங்கு எழுவது இயல்பு. வாசலூர்பட்டி போன்ற மலைச் சிற்றூரிலிருந்து பெருநகரக் கல்லூரிக்கு முதன்முறையாகச் செல்லும் மாணவர் ஒருவரை எண்ணிப் பார்க்கலாம். மின்தூக்கியின் பொத்தானை அழுத்தத் தயங்குவார். விருந்தில் கரண்டியையும் முள்கரண்டியையும் எந்தக் கையில் பிடிப்பது என அறியாமல் மற்றவரைப் பார்ப்பார். அருகிலிருப்பவர் சிரித்தால் அச்சிரிப்பு அவரைப் பல நாள் வருத்தும். ஆனால், அவரே ஊர் திரும்பித் தம் தோழர்களிடம் அதே நிகழ்ச்சியை நடித்துக்காட்டி அனைவரையும் சிரிக்கவைக்கக்கூடும். நிகழ்ச்சி ஒன்றே, சிரிப்பு வேறு. முன்னது மேலிருந்து கீழ்நோக்கிப் பார்ப்பவரின் எள்ளல். பின்னது உடனிருப்பவரின் உறவு.

புறநானூற்றுப் பாடலில் சிரிப்பவர் மன்னன் அல்லன், அவையோரும் அல்லர். செவியில் மோதிரம் மாட்டியவர்களோடு ஒரே வறுமையைப் பங்கிட்டுக்கொண்டவரே சிரிக்கிறார். தம் சுற்றத்தின் நீண்ட துன்பம் நீங்கிய மகிழ்ச்சி அச்சிரிப்பில் உண்டு. சாப்ளினும் நாடோடியை வெளியே நின்று எள்ளவில்லை. அவனுக்குள் நின்று நடித்தார். ‘பேசும் படம்’ இளைஞனைக் கண்டு சிரிக்கும் பார்வையாளரும், தாம் அந்த இடத்தில் இருந்திருந்தால் சாவியை எடுத்திருப்போமா எனத் தம்மையே கேட்டுக்கொள்கின்றனர்.

விரலணி செவிக்குப் பொருந்தவில்லை என்றால் அதில் செவிக்கு இழிவு ஏதுமில்லை. இன்னார்க்கு உரியது என எண்ணிச் செய்யப்பட்ட பொருள் இன்னொருவர் கைக்கு வந்ததையே அது காட்டுகிறது. அணிகள் சிலரிடம் மட்டுமே குவிந்திருந்ததால்தான் மற்றவர்கள் அவற்றை அணியும் முறையை அறியாதிருந்தனர். நல்ல நகைச்சுவை எளியவரைக் காட்டிச் சிரிப்பைத் தொடங்கி, செல்வத்தைக் குறித்த வினாவில் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. மனிதரின் மதிப்பை அவர் அணிந்திருப்பதால் அளவிடும் வழக்கமே அச்சிரிப்பின் முடிவில் சிறுத்துப்போகிறது.

தெரிந்து தெளிவோம்

எளிய மனிதனுக்கு எதிர்பாராத செல்வம் கிடைக்கும் கதையைப் பேசும் படமாகவும் தமிழ்த்திரை கண்டுள்ளது. கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் தயாரித்து நடித்த ‘நல்லதம்பி’ 1949ஆம் ஆண்டு வெளிவந்தது. அறிஞர் அண்ணா கதை உரையாடல் எழுத, கிருஷ்ணன் - பஞ்சு இயக்கினர். 1936ஆம் ஆண்டின் அமெரிக்கப் படம் ஒன்றைத் தழுவிய இக்கதையில், நல்லதம்பி என்னும் எளியவனுக்கு ஜமீன் சொத்து வந்துசேர்கிறது. ‘பேசும் படம்’ மௌனத்தால் உணர்த்தியதை ‘நல்லதம்பி’ உரையாடலாலும் பாட்டாலும் உணர்த்தியது.

கற்பவை கற்றபின்

1. வன்பரணர் காட்டும் கூத்தர் பாடலை மறந்தது பேறா, இழப்பா? இரு அணிகளாகப் பிரிந்து வகுப்பறையில் சொற்போர் நிகழ்த்துக.

2. வறியவர் ஒருவருக்குத் திடீரெனச் செல்வம் கிடைத்த முதல் நாளை உரையாடல் இல்லாத ஐந்து நிமிட நாடகமாக அமைத்து நடித்துக்காட்டுக. செல்வம் எவ்வழியில் வந்தது என்பது பார்வையாளருக்கு உடலசைவாலேயே விளங்கவேண்டும்.

3. புதிய சூழல் ஒன்றில் நீங்களோ உங்கள் தோழரோ தடுமாறிய நிகழ்வை, யாரையும் எள்ளாமல் படிப்பவர் சிரிக்கும்படி ஒரு பக்க அளவில் எழுதுக.